குரங்கு வாணிகமும் மருத்துவ ஆராய்ச்சியும்

(சங்கத்தின் ஆண்டு விழாக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



ஆண்டு விழா மேடையிற் பேச எழுபவர் சமயத்தைப் பற்றியோ இலக்கியத்தைப் பற்றியோ பேசுவதே வழக்கம். நாம் எடுத்துக்கொண்ட பொருளோ குரங்கு. கேட்டவுடன் சிலர் முகத்தில் முறுவல் தோன்றுகிறது. தோன்றட்டும். குரங்கென்றாற் சேட்டை என்றும், சேட்டை என்றால் வாலிபர் என்றும் எண்ணுவது பெரியோர் வழக்கம். ஆயினும் இன்று நாம் சொல்லப்போவது சிரிப்புக்குரிய கதையன்று. உலகத்து நாடுகள் பல ஆண்டுதோறும் ஆயிரக்கணக்கான குரங்குகளைப் பெட்டியில் அடைத்து விமானத்தில் ஏற்றி, மருந்து ஆராய்ச்சிச்சாலைகளுக்கு விற்கின்றன. இவ்வாணிகம் எப்படித் தோன்றியது, யாருக்கு நன்மை செய்தது, யாருக்குத் தீமை செய்தது, அதனைப் பற்றி நாம் என்ன நிலை எடுக்க வேண்டும் என்பனவே இன்றைய விசாரணை.

விசாரணை என்ற சொல்லை அறிந்தே ஆளுகிறோம். தீர்ப்பை முன்னே வைத்துக்கொண்டு சாட்சியைப் பின்னே தேடுவது விசாரணையாகாது. "உயிர்க்கொலை பாவம்" என்று ஒரே வார்த்தையிற் பேச்சை முடித்துவிடுவது எமக்கு எளிது. வள்ளுவர் கொல்லாமைக்கென்று ஓர் அதிகாரமே வகுத்திருக்கிறார். அனுமனை வழிபடும் குடும்பங்கள் எம்மிடையே உண்டு. அதே போல, "மனிதன் வாழக் குரங்கு சாகத்தான் வேண்டும்" என்று மற்றவர் ஒரே வார்த்தையில் முடித்துவிடுவதும் எளிது. மிஷன் பாடசாலையிற் பயின்று இப்பொழுது பல்கலைக்கழகத்தில் விஞ்ஞானம் கற்கும் எமக்கு இவ்விரண்டு குரல்களும் பழக்கமானவை. இரண்டும் பாதி வழியில் நின்றுவிடுகின்றன என்பதே எமது எண்ணம்.

குரங்கை ஏன் தேடினார்கள்?

உடலமைப்பிலும் இரத்தத்திலும் நோய்வாய்ப்படும் முறையிலும் மனிதனுக்கு மிக நெருங்கிய பிராணி குரங்கினமே. இளம்பிள்ளை வாதம், அதாவது போலியோ, ஒரு வைரசினால் உண்டாவது என்பதை 1908 ஆம் ஆண்டிற் கண்டறிந்தவர் வியன்னா நகரத்துக் கார்ல் லான்ட்ஸ்டெய்னர். இறந்த குழந்தையொன்றின் முள்ளந்தண்டுத் திசுவைக் குரங்கின் உடலிற் செலுத்தியபோது குரங்குக்கும் அந்நோய் கண்டது. முயலும் எலியும் தராத விடையைக் குரங்கு தந்தது. அதே லான்ட்ஸ்டெய்னரும் அலெக்சாண்டர் வீனரும் 1940 இல் இரத்தத்தின் 'ஆர்.எச்.' காரணியைப் பற்றி எழுதினார்கள். 'ஆர்.எச்.' என்னும் அவ்வெழுத்துக்கள் 'றீசஸ்' என்னும் வட இந்தியச் செம்முகக் குரங்கின் பெயரிலிருந்து வந்தவை. எமது இரத்தப் பரிசோதனைச் சீட்டில் 'பொசிற்றிவ்', 'நெகற்றிவ்' என்று எழுதப்படும் ஒவ்வொரு முறையும் அக்குரங்கின் பெயரே மறைவாக எழுதப்படுகிறது.

1949 இல் அமெரிக்காவில் ஜோன் என்டர்ஸ் என்பவரும் அவருடைய துணைவர் இருவரும், போலியோ வைரசைக் கண்ணாடிக் குழாயில் வைத்த திசுவில் வளர்க்கலாம் என்று காட்டினார்கள். இதற்காக 1954 இல் அவர்களுக்கு நோபெற் பரிசு கிடைத்தது. வைரசைப் பெருமளவில் வளர்ப்பதற்குக் குரங்கின் சிறுநீரகத் திசு மிக வாய்ப்பானது என்பது அதன் பின் தெளிவாயிற்று. ஜோனாஸ் சால்க் அத்திசுவில் வைரசை வளர்த்து, பின் அதனைக் கொன்று, தடுப்பூசி செய்தார். 1955 ஆம் ஆண்டு ஏப்ரில் 12 ஆம் திகதி அவ்வூசி பயன் தருவது என்று அறிவிக்கப்பட்டபோது அமெரிக்காவிற் கோயில் மணிகள் ஒலித்தன. தாய்மார் தெருவில் நின்று அழுதார்கள்.

அம்மகிழ்ச்சியைக் குறைத்துச் சொல்ல நாம் விரும்பவில்லை. எமது தீவிலும் 1962 இல் போலியோ பெருவாரியாகப் பரவியது. கால் சூம்பிய பிள்ளைகளைத் தோளிற் சுமந்து சென்ற பெற்றோரைக் கண்டவர்கள் இச்சபையிலுள்ள பெரியோரிற் சிலராவது இருப்பர். வாயிற் சொட்டாக விடும் மருந்து அதன் பின் ஊரூராக வந்தது. 2014 இல் எமது நாடும் இந்தியாவும் உட்பட்ட தென்கிழக்காசியப் பிரதேசம் போலியோ அற்ற பிரதேசமென உலக சுகாதார நிறுவனத்தின் சான்று பெற்றது. இன்று இங்கே ஓடி விளையாடும் சிறுவர் ஒருவரும் அந்நோயை அறியார். அச்சொட்டு மருந்தின் வைரசும் குரங்கின் சிறுநீரகத் திசுவில் வளர்க்கப்பட்டதே. ஆகவே நாம் கடன்பட்டவர்கள். கடன்பட்டவன் பேசும் முறையிலேயே இப்பொருளைப் பேச வேண்டும்.

காட்டிலிருந்து விமானத்துக்கு

ஊசி செய்ய ஒரு குரங்கோ நூறு குரங்கோ போதவில்லை. 1950 ஆம் ஆண்டுகளின் பிற்பகுதியில் அமெரிக்கா ஆண்டொன்றில் 100,000 இற்கும் மேற்பட்ட குரங்குகளை இறக்குமதி செய்தது. அவற்றுட் பெரும்பாலானவை இந்தியாவின் செம்முகக் குரங்குகள்.

இவை பெரும்பாலும் உத்தரப் பிரதேசத்து ஊர்களிலும் சாலையோரங்களிலும் பிடிக்கப்பட்டன. பிடிப்பவன் ஏழை. அவன் கையிற் கிடைத்தது சில ரூபாய்; அவனுக்கும் நியூயோர்க் ஆராய்ச்சிச்சாலைக்கும் இடையிற் பல வியாபாரிகள். குரங்குகள் மூங்கிற் கூடுகளில் அடைக்கப்பட்டுத் தில்லிக்குச் சென்றன. அங்கிருந்து விமானத்தில் லண்டனுக்கும், லண்டனிலிருந்து அத்திலாந்திக் சமுத்திரத்தைக் கடந்தும் சென்றன. மனிதக் கூட்டத்தைப் போலவே கூட்டமாக வாழும் பிராணி அது. தாய், பிள்ளை, தமக்கை, தலைவன் என்ற உறவு முறை உடையது. ஒரே கூட்டில் அடைபட்டவை ஒரே கூட்டத்தைச் சேர்ந்தவையல்ல. கடித்துக்கொண்டும் நோயைப் பரிமாறிக்கொண்டுமே அவை பயணம் செய்தன.

1955 ஆம் ஆண்டு சனவரி மாதத்தில் லண்டன் விமான நிலையத்தில் ஒரு சம்பவம் நிகழ்ந்தது. இந்தியாவிலிருந்து வந்து அமெரிக்கா செல்லவிருந்த குரங்குகளை ஒரு மூடிய வண்டியில் ஏற்றி வைத்தார்கள். காற்றோட்டம் இல்லை. திறந்து பார்த்தபோது 394 குரங்குகள் மூச்சுத் திணறி இறந்து கிடந்தன. அவற்றைக் கொன்றது விஞ்ஞானமன்று. விஞ்ஞானத்துக்கு அவற்றின் சாவினால் ஒரு துளிப் பயனும் இல்லை. அவற்றைக் கொன்றது கவலையீனம். பொருளாகக் கணக்கிடப்பட்ட உயிருக்குக் காற்று வேண்டுமென்பது ஒருவருக்கும் நினைவில் வரவில்லை.

இந்த இடத்தில் ஒரு வேறுபாட்டை மனத்திற் கொள்ள வேண்டும். ஆராய்ச்சி வேறு, வாணிகம் வேறு. ஆராய்ச்சியாளன் ஒரு கேள்விக்கு விடை தேடுகிறான். விடை கிடைத்தால் நிறுத்திவிடுவான். வாணிகத்துக்கு அத்தகைய முடிவு இல்லை. வாங்குபவன் இருக்கும் வரை பிடிப்பவன் இருப்பான்.

கொடுத்த வாக்கு

லண்டன் செய்தி இந்தியாவிற் பெருங் கலக்கத்தை உண்டாக்கியது. 1955 இல் இந்திய அரசாங்கம் ஏற்றுமதியை நிறுத்தியது. ஆனால் அவ்வேளையிலேதான் சால்க்கின் ஊசி வெளிவரும் தறுவாயில் இருந்தது. குழந்தைகளின் உயிர் ஒரு புறம், குரங்கின் உயிர் மறு புறம். இந்தியா ஒரு நடு வழியைத் தேடியது. மருந்து செய்வதற்கும் மருத்துவ ஆராய்ச்சிக்கும் மாத்திரமே குரங்குகள் பயன்பட வேண்டும், பயணத்திற் கொடுமை நேரக்கூடாது என்னும் நிபந்தனைகளோடு மறுபடியும் அனுமதி வழங்கியது. அணுகுண்டுச் சோதனைகளுக்கு அவை கொடுக்கப்படலாகாது என்பதும் இந்தியாவின் கருத்தாயிருந்தது. அமெரிக்கா அதற்கு இசைந்து வாக்குக் கொடுத்தது.

இது கண்ணியமான உடன்பாடு. வழிபடும் பிராணியையும் பிறநாட்டுக் குழந்தைகளின் பொருட்டு விட்டுக்கொடுத்த நாட்டை வன்னெஞ்சுடையதென்று எவரும் சொல்ல முடியாது.

அவ்வாக்கு காப்பாற்றப்படவில்லை. 1970 ஆம் ஆண்டுகளில், அமெரிக்க இராணுவத்தின் கதிரியக்க ஆராய்ச்சி நிலையமொன்றில் இக்குரங்குகளுக்கு நியூத்திரன் கதிர்களைப் பாய்ச்சி, அவை எத்தனை நேரம் ஓட்டச் சக்கரத்தில் ஓடி விழுந்து சாகின்றன என்று அளந்த செய்தி வெளிப்பட்டது. அதனை வெளிப்படுத்துவதில் முன்னின்றது, 1973 இல் ஷேர்லி மக்கிரீல் அம்மையார் தொடங்கிய சர்வதேச குரங்கினப் பாதுகாப்புக் கழகம். அந்நாளில் இந்தியாவின் பிரதமராயிருந்தவர் மொரார்ஜி தேசாய். 1978 ஆம் ஆண்டு ஏப்ரில் முதலாந் திகதியிலிருந்து குரங்கு ஏற்றுமதி முற்றாக நிறுத்தப்பட்டது.

வாலிப நண்பர்களே, இதிலுள்ள பாடத்தைக் கவனியுங்கள். இந்தியா தடை செய்தது கோபத்தினால் மாத்திரமன்று. முதலிற் கொடுத்தது, நிபந்தனை வைத்தது, நிபந்தனை மீறப்பட்டதென்று கண்டபோது கதவை மூடியது. இடையில் இன்னொரு காரணமும் இருந்தது. அமெரிக்க விஞ்ஞானி சார்ல்ஸ் சௌத்விக் என்பவர் அலிகார் சர்வகலாசாலை அறிஞரோடு சேர்ந்து 1959 ஆம் ஆண்டிலிருந்து உத்தரப் பிரதேசத்துக் குரங்குகளை ஊர் ஊராக எண்ணினார். குட்டிகளும் தாய்களும் இருந்தன. இவற்றுக்கு நடுப்பட்ட இளங்குரங்குகளே மிகக் குறைவு. ஆராய்ச்சிச்சாலைகள் விரும்பிக் கேட்டவை அந்த வயதுக் குரங்குகளே. ஒரு கிராமத்திலிருந்து பிள்ளைகளையெல்லாம் கொண்டுபோய்விட்டு, "முதியோர் இருக்கிறார்களே, கிராமம் அழியவில்லை" என்று சொல்வது எப்படியோ அப்படியே இதுவும்.

வழி மாறிய வாணிகம்

இந்தியா கதவை மூடியபின் வாணிகம் நின்றதா? நிற்கவில்லை, வழி மாறியது. செம்முகக் குரங்கின் இடத்துக்குத் தென்கிழக்காசியாவின் நீள்வாற் குரங்கு வந்தது. பிலிப்பைன்ஸ், இந்தோனேசியா, சீனா, வியட்நாம், கம்போடியா, மொரீசியஸ் என்று ஏற்றுமதி நாடுகள் பெருகின. மொரீசியஸ் தீவில் இக்குரங்கு இயற்கையாக உள்ளதன்று. சில நூற்றாண்டுகளுக்கு முன் கப்பலேறி வந்து காட்டிற் பெருகியது.

1975 இல் நடைமுறைக்கு வந்த சர்வதேச உடன்படிக்கையொன்று, அருகிவரும் பிராணிகளின் வாணிகத்தைக் கட்டுப்படுத்துகிறது. 'சைற்றிஸ்' என்பது அதன் சுருக்கப் பெயர். குரங்கினம் யாவும் அதன் அட்டவணைகளில் அடங்கும். நீள்வாற் குரங்கை அனுமதிப் பத்திரமின்றி விற்க முடியாது. பண்ணையிற் பிறந்ததா, காட்டிற் பிடிபட்டதா என்று பத்திரத்திற் குறிக்கவும் வேண்டும். சட்டம் நல்லது. ஆனால் பெட்டிக்குள் இருக்கும் குரங்கு தான் எங்கே பிறந்தது என்று வாய் திறந்து சொல்லாதே! பத்திரம் எழுதுபவன் எழுதியதே சாட்சி.

2020 சனவரியில் கொரோனாக் கொள்ளைநோய் தொடங்கியபோது சீனா வனவிலங்கு வாணிகத்தை நிறுத்தியது. அதனோடு ஆராய்ச்சிக் குரங்கு ஏற்றுமதியும் நின்றது. அமெரிக்காவுக்கு அதுவரை மிகுதியாகக் குரங்கு அனுப்பிய நாடு சீனாவே. மருந்து ஆராய்ச்சி பெருகிய காலம், குரங்கோ கிடைக்கவில்லை. விலை பல மடங்கு ஏறியது. கம்போடியா முதலிடத்துக்கு வந்தது. 2022 ஆம் ஆண்டை அண்டி அமெரிக்கா ஆண்டொன்றுக்கு ஏறத்தாழ 30,000 குரங்குகளை இறக்குமதி செய்தது. அந்த ஆண்டு நவம்பர் மாதத்தில், காட்டிற் பிடித்த குரங்குகளைப் பண்ணையிற் பிறந்தவையென்று பத்திரம் எழுதி அனுப்பியதாக, கம்போடிய வனத்துறை அதிகாரிகள் இருவர் மீதும் வேறு சிலர் மீதும் அமெரிக்க அரசாங்கம் குற்றஞ் சாட்டியது. அவ்வதிகாரிகளுள் ஒருவரை 2024 இல் மயாமி நகரத்து யூரிகள் குற்றமற்றவரெனத் தீர்த்தார்கள். அவரைக் குற்றவாளியென்று சொல்ல எவருக்கும் உரிமையில்லை. ஆனால் பண்ணைக் குரங்கையும் காட்டுக் குரங்கையும் வேறு பிரித்து அறிவதே இத்துணைக் கடினமென்பதை அவ்வழக்கு உலகுக்குக் காட்டியது. அதே 2022 ஆம் ஆண்டிலே நீள்வாற் குரங்கு 'அழியும் அபாயத்திலுள்ளது' என்று இயற்கைப் பாதுகாப்புக்கான சர்வதேச ஒன்றியத்தின் செம்பட்டியலில் ஏறியது. எங்கும் மலிந்ததென்று எண்ணப்பட்ட குரங்கு அது!

அந்த ஆண்டு சனவரியில் மொரீசியஸிலிருந்து வந்த 100 குரங்குகளை ஏற்றிய வாகனம் பென்சில்வேனியா மாநிலத்து வீதியொன்றில் விபத்துக்குள்ளாயிற்று. பெட்டிகள் வீதியிற் சிதறின. சில குரங்குகள் பனியிலே தப்பியோடின. அதன் பின் கென்ய விமானக் கம்பெனி இனிக் குரங்கு ஏற்றுவதில்லையென அறிவித்தது. பிரெஞ்சு விமானக் கம்பெனியும் 2023 இல் நிறுத்தியது. 394 குரங்குகள் மூச்சுத் திணறிய லண்டன் வண்டிக்கும் இந்த வீதிக்கும் இடையில் 67 ஆண்டுகள். பயணத்தின் கொடுமை அத்தனை ஆண்டுகளிலும் தீர்ந்தபாடில்லை.

தன்வினை தன்னைச் சுடும்

இவ்வாணிகத்தினால் மனிதருக்கு நேர்ந்த தீங்கும் உண்டு. 1960 இல், போலியோ ஊசி செய்யப் பயன்பட்ட செம்முகக் குரங்கின் சிறுநீரகத் திசுவில், அதுவரை அறியப்படாத ஒரு வைரசு ஒளிந்திருப்பது கண்டறியப்பட்டது. அதற்கு 'எஸ்.வி. 40' என்று பெயரிட்டார்கள். அதற்குள் அத்திசுவிற் செய்த ஊசி கோடிக்கணக்கானோருக்கு ஏற்றப்பட்டாயிற்று. அவர்களிடையே அதனாற் புற்றுநோய் கூடியதாகப் பின்னர் நடந்த ஆய்வுகள் நிறுவவில்லை; இது நல்லூழ். ஆனால் நல்லூழை முறையென்று கொள்ளக்கூடாது.

அந்த வைரசுக்கு அஞ்சிச் சில மருந்துச்சாலைகள் ஆபிரிக்கக் குரங்குக்கு மாறின. 1967 இல் உகண்டாவிலிருந்து வந்த அத்தகைய குரங்குகளைக் கையாண்ட தொழிலாளர், ஜெர்மனியின் மார்பூர்க், பிராங்பர்ட் நகரங்களிலும் யூகோசிலாவியாவின் பெல்கிரேட்டிலும் கடுங் காய்ச்சலுற்று இரத்தம் கக்கினார்கள். அவர்களிடமிருந்து மருத்துவருக்கும் தாதியருக்கும் நோய் தொற்றியது. 31 பேர் நோயுற்றனர். 7 பேர் இறந்தனர். அந்நோய் இன்றும் மார்பூர்க் என்ற பெயரையே தாங்கி நிற்கிறது. 1989 இல் பிலிப்பைன்ஸிலிருந்து அமெரிக்காவின் ரெஸ்ரன் நகரத்துக்கு வந்த குரங்குகளிடையே எபோலாவின் இனத்தைச் சேர்ந்த வைரசொன்று பரவியது. அங்கே மனிதர் சிலருக்குத் தொற்றியும் ஒருவரும் நோயுறாதது பெரும் பாக்கியம்.

காட்டில் தன் போக்கில் இருந்த நோயைப் பெட்டியில் அடைத்து நகரத்தின் நடுவே இறக்கியவர் யார்? குரங்கு தானாக விமானம் ஏறவில்லை.

ஒரு குரங்கின் சிறுநீரகம்

இனி, இவ்விருளிடையே ஒரு விளக்கைக் காட்டுகிறோம். 1962 இல் ஜப்பானின் சிபா சர்வகலாசாலையில் யசுமூரா என்பவர், ஆபிரிக்கப் பச்சைக் குரங்கொன்றின் சிறுநீரகத்திலிருந்து உயிரணுக்களை எடுத்து வளர்த்தார். அவ்வணுக்கள் சாகாமற் பெருகிக்கொண்டே இருந்தன. 'வீரோ' அணுக்கள் என்று அவற்றுக்குப் பெயர். அன்று ஒரு குரங்கிலிருந்து எடுத்த அவ்வணுக்களின் வழித்தோன்றல்கள் இன்று உலகமெங்கும் மருந்துச்சாலைகளில் வளர்கின்றன. போலியோ ஊசியும் அவற்றிற் செய்யப்படுகிறது. ஊசிக்காக ஒவ்வொரு முறையும் புதிய குரங்கைக் கொல்லும் தேவை அங்கே ஒழிந்தது.

2021 இல் கொரோனாவுக்காக எமது தீவிற் பெரும்பாலோருக்கு ஏற்றிய ஊசி சீனாவின் சைனோபாம். யாழ்ப்பாணத்தில் வரிசையில் நின்று ஏற்றிக்கொண்டோர் பலர் இச்சபையில் இருக்கிறோம். அந்த ஊசியின் முழுப் பெயரிலேயே 'வீரோ செல்' என்ற சொற்கள் உண்டு. அப்படியாயின் 1962 இல் ஜப்பானில் உயிர்விட்ட ஒரு குரங்குக்கும் எமது தோளுக்கும் உறவு ஏற்பட்டுவிட்டது.

இக்கதையைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. குரங்கு இல்லையேல் மருந்து இல்லை என்று சொல்லப்பட்ட இடத்திலே, புத்தியுள்ள ஒருவர் வேறு வழியைக் கண்டுபிடித்தார். சொட்டு மருந்தின் ஒவ்வொரு தொகுதியையும் குரங்கின் நரம்பு மண்டலத்திற் செலுத்திச் சோதிப்பது முன்னைய வழக்கம். மரபணு மாற்றிய எலியிற் செய்யும் சோதனையை அதற்குப் பதிலாக உலக சுகாதார நிறுவனம் பின்னர் ஏற்றுக்கொண்டது. புதிய மருந்தை மனிதருக்குக் கொடுக்குமுன் பிராணிகளிற் சோதித்தே ஆகவேண்டுமென்று அமெரிக்கச் சட்டத்தில் இருந்த கட்டாயம் 2022 டிசம்பரில் நீக்கப்பட்டது. மனித உயிரணுக்களைக் கொண்டு கண்ணாடிச் சில்லில் ஆக்கிய சிற்றுறுப்புகளும் கணினிக் கணிப்பும் அவ்விடத்தை நிரப்ப முயலுகின்றன. எல்லாக் கேள்விகளுக்கும் அவை இன்னும் விடை தருவதில்லை. கொரோனா ஊசிகளுட் சில 2020 இலும் குரங்கிற் சோதிக்கப்பட்டே மனிதருக்கு வந்தன. ஆதலால் நாளைக்கே எல்லாவற்றையும் நிறுத்து என்று கூவுவது நோயாளிக்கு நாம் செய்யும் நீதியாகாது. ஆனால் வேறு வழி தேடுவோரின் கையைப் பலப்படுத்துவது எல்லோர்க்கும் கடமை. மலிவாகக் குரங்கு கிடைக்கும் வரை வேறு வழி தேடும் ஆவல் எவருக்கு உண்டாகும்?

எமது தீவின் நிலை

இப்பேச்சு எங்கோ தூர தேசத்து விவகாரமென்று எண்ணவேண்டாம். 2023 ஏப்ரில் மாதத்தில், எமது நாட்டிலிருந்து 100,000 குரங்குகளைச் சீனாவுக்கு அனுப்புவது பற்றி ஆலோசிக்கப்படுவதாக அப்போதைய விவசாய அமைச்சர் அறிவித்தார். மிருகக்காட்சிச்சாலைகளுக்கென்று சொல்லப்பட்டது. அத்தனை குரங்கைக் காட்சிக்கு வைக்கும் சாலைகள் உலகில் உண்டோ, அவை ஆராய்ச்சிச்சாலைகளுக்கே போகுமோ என்று பலர் ஐயுற்றார்கள். சுற்றாடல் சங்கங்கள் மேன்முறையீட்டு நீதிமன்றத்தை நாடின. அத்தகைய ஏற்றுமதி நடைபெறாது என்று அரச தரப்பு அவ்வாண்டிலேயே நீதிமன்றத்துக்குத் தெரிவித்தது.

பேசப்பட்ட குரங்கு எது? சிங்களத்தில் 'ரிலவா' எனப்படும், தலையிற் குல்லாய் வைத்தாற்போல மயிர் வளர்ந்த செந்நிறக் குரங்கு. இத்தீவை விட உலகில் வேறெங்கும் அது இயற்கையாக வாழ்வதில்லை. அழியும் அபாயத்திலுள்ள இனமென்று அதுவும் செம்பட்டியலிலே குறிக்கப்பட்டிருக்கிறது.

இங்கே, வன்னியிலிருந்து வந்திருக்கும் பெரியோர் எம்மை மறித்து, "தம்பி, நீர் பட்டணத்திலிருந்து பேசுகிறீர். எங்கள் தென்னையில் ஒரு குரும்பை மிஞ்சுவதில்லை. கச்சான் போட முடியாது. வீட்டு ஓடும் பிரிந்து கிடக்கிறது. அதற்கு என்ன சொல்கிறீர்?" என்று கேட்பது நியாயமே. இது பொய்யான முறைப்பாடன்று. தோட்டக்காரனின் நட்டத்தை எண்ணாமற் குரங்கின் மேல் இரக்கம் பேசுவது, பிறர் செலவிற் புண்ணியம் தேடுவதாகும். பயிர் அழிக்கும் பிராணிகளின் தொகையை அறிய, அரசாங்கம் 2025 மார்ச் 15 ஆம் திகதி காலையில் நாடெங்கும் குரங்கையும் மர அணிலையும் மயிலையும் எண்ணச் செய்தது. அந்தளவுக்குத் தொல்லை முற்றியிருக்கிறது.

ஆனாற் பெரியோர்களே, ஏற்றுமதி அத்தொல்லைக்கு மருந்தாகுமா என்பதையும் எண்ணிப்பாருங்கள். வாங்குபவன் வேண்டுவது தென்னையிலேறிப் பழகிய கிழட்டுக் குரங்கையல்ல, நோயற்ற இளங்குரங்கை. பிடிப்பவன் செல்வது தொல்லை மிகுந்த தோட்டத்துக்கன்று. பிடிக்க எளிதான இடத்துக்கு, அது காடானாலும் கோயில் வீதியானாலும். விலை ஏறினால் முதலிற் காட்டுக் குரங்கும், பின்னர் பண்ணைக் குரங்கும், அதன் பின் பண்ணைப் பெயரிற் காட்டுக் குரங்கும் போகும். இது நாம் புனைந்து சொல்வதன்று. மற்றை நாடுகளின் அனுபவத்தில் எழுந்த ஐயம். தோட்டக்காரனோ இறுதியில் தன் குரும்பையை எண்ணிக்கொண்டு அங்கேயே நிற்பான். அவனுக்கு வேண்டியவை நட்டஈடு, காட்டோரத்தைக் காத்தல், குப்பையைத் திறந்து கொட்டாமை, குரங்கின் பிறப்பைக் கட்டுப்படுத்தும் முறைகளை அறிஞரைக் கொண்டு ஆராய்தல் ஆகியனவே. இவை மெதுவாகப் பலன் தருவன. விற்பனை விரைவாகப் பணம் தரும். அப்பணம் அவன் படலையைத் தட்டாது.

நாம் செய்யக்கூடியது

சபையோர்களே, எமது நிலையைச் சுருக்கிச் சொல்கிறோம். மருந்தின் பயனை ஏற்றுக்கொண்ட நாம் மருந்து செய்பவனைக் கொலைகாரனென்று ஏசமாட்டோம். அதே வேளையில், மருந்து என்ற பெயரைச் சொன்னவுடன் எந்த வாணிகத்துக்கும் வாய்மூடித் தலையசைக்கவும் மாட்டோம். ஓர் உயிரை ஆராய்ச்சிக்கு அனுப்பவேண்டுமென்று எவராவது வந்தால் நான்கு கேள்விகள் கேட்போம். இக்கேள்விக்கு விடை காண வேறு வழியே இல்லையா? இக்குரங்கு எங்கே பிறந்தது, அதற்குச் சாட்சி யார்? போகும் வழியிலும் போன இடத்திலும் அதனைக் கவனிப்பவர் யார்? கொடுத்த வாக்கை மீறினால் கதவை மூட எமக்கு அதிகாரம் உண்டா? நான்குக்கும் தக்க விடை தரமுடியாதவன் வியாபாரியே தவிர வைத்தியனல்லன்.

சங்கத்து வாலிபர் சிலர் விஞ்ஞானமும் வைத்தியமும் மிருக வைத்தியமும் கற்கச் செல்வீர்கள். குரங்கின்றி மருந்தைச் சோதிக்கும் வழிகளைத் தேடும் துறை உங்களுக்காகத் திறந்து கிடக்கிறது. யசுமூரா செய்தது போன்ற ஒரு வேலையை எமது மண்ணிற் பிறந்த ஒருவர் செய்யக்கூடாதென்று ஏதும் விதியில்லை. சட்டம் கற்பவர்கள் வனவிலங்குச் சட்டத்தைப் படியுங்கள். 2023 இல் நீதிமன்றத்தை நாடியவர்கள் கையில் இருந்தது சட்டப் புத்தகமே, தடியன்று. விவசாயம் கற்பவர்கள் வன்னித் தோட்டக்காரனோடு ஒரு போகம் இருந்து பாருங்கள். பெரியோர்களே, நீங்கள் செய்யவேண்டியது ஒன்று: இவ்விளைஞர் கேள்வி கேட்கும்போது அதட்டி அடக்காதிருங்கள்.

இராமகாதையில் கடலைக் கடக்கக் குரங்குகள் மனிதனுக்கு உதவின. இந்த நூற்றாண்டிலும் சென்ற நூற்றாண்டிலும் நோயென்னும் கடலைக் கடக்க அவை உதவின. தாம் விரும்பி உதவவில்லை, நாம் பிடித்துக் கட்டி உதவச் செய்தோம். கரையேறியவன் ஓடக்காரனுக்குக் கூலி கொடுப்பது உலக வழக்கம். நாம் கொடுக்கக்கூடிய கூலி, இனி வேண்டாதவிடத்து அவற்றைப் பிடிக்காமல் விடுதலும், வேண்டுமென்று சொல்பவனை நன்றாய் விசாரித்தலுமே.